நாற்பத்திரண்டாம் கேள்வி

அறுவை மருத்துவ அடிப்படைத் தேர்வில் மெர்லின் தோற்ற அன்று, அவள் அப்பா டாக்டர் ஞானசிகாமணி போனில் ஒன்றே ஒன்றுதான் சொன்னார்: “நம்ம குடும்பத்துல யாரும் இந்தப் பரீட்சைய ரெண்டாம் தடவ எழுதினதில்ல.” அதன் பிறகு அவள் கிறிஸ்துமஸுக்குக்கூட வீட்டுக்கு வரவில்லை. எட்டு மாதம் கழித்து, அவருடைய பழைய கேள்விப் புத்தகத்தை மட்டும் அனுப்பச் சொல்லிச் செய்தி வந்தது.

புத்தகத்தைத் திறந்தார். ஒவ்வொரு கேள்விக்கும் ஐந்து விடைகள். அவற்றின் ஓரத்தில் அவருடைய பென்சில் குறிகள், மூன்று வருடத் தேதிகளோடு. அவர் மூன்று முறை எழுதியது மனைவிக்கு மட்டும்தான் தெரியும். அவளும் போய்ச் சேர்ந்துவிட்டாள். இரண்டு நாள் தனியாக உட்கார்ந்து அத்தனையையும் ரப்பரால் அழித்தார். நாற்பத்திரண்டாம் கேள்விதான் படுத்தியது. குரல் இருக்கிறது, உரக்கப் பேச வரவில்லை. வெட்டுப்பட்ட நரம்பு எது? மூன்று வருடமும் ஒரே தப்பான விடையை அழுத்தி அழுத்திக் குறித்திருந்தார்.

புத்தகம் கைக்கு வந்ததும் மெர்லின் கூப்பிட்டாள்.

“ரொம்பச் சுத்தமா இருக்கேப்பா. நீங்க ஒரு தப்புகூடப் பண்ணலியா?”

“இல்ல.”

பக்கம் புரளும் சத்தம் கேட்டது.

“நாப்பத்திரண்டுல தாள் தேஞ்சு அந்தப்பக்கம் தெரியுது,” என்றாள். “அந்தக் கேள்விய நானும் தப்பாத்தாம்ப்பா போட்டேன்.”

மேசைமேல் கிடந்த ரப்பர் துகளை ஒரு விரலால் ஒன்றுசேர்த்தபடி, அவர் போனைக் காதிலிருந்து எடுக்காமல் நின்றார். அவளும் வைக்கவில்லை.