யார் வீட்டுத் திருடன்?

நாவலாசிரியர் தன் கதையில் வரும் கோயில் திருடனுக்கு, கேரளத்து ஒற்றப்பாலத்தில் நிஜமாகவே உள்ள ஒரு குடும்பத்தின் வீட்டுப்பேரை வைத்துவிட்டுச் செத்துப்போனார். நாவல் படமாகிறது. முதல் நாள் படப்பிடிப்புக்கே அந்த வீட்டு பாலகோபாலன் வக்கீலோடு வந்து நின்றார்.

"அந்தத் திருடன் என் தாய்மாமன். தெரியுமில்ல?"

கோர்ட்டில் தடை வாங்கினால் படம் அவ்வளவுதான். இயக்குநர் சுகதன் அவர் கையைப் பிடித்துக்கொண்டார்.

"தெரியும் சேட்டா. அதான் படத்துல வீட்டுப்பேரை மாத்திட்டோம். உங்க மானத்துக்கு ஒண்ணும் வராது."

"யாரைக் கேட்டுய்யா மாத்தினே?" பாலகோபாலன் கத்தினார். "எங்க குடும்பத்துல இலக்கியத்துக்குள்ள போனது அவர் ஒருத்தர்தான்! பக்கத்து வீட்டு ராவுண்ணி, திருடன் தன்னோட மாமன்னு வாசகசாலையில முப்பது வருஷமா புளுகறான். இப்ப எந்தப் பேரு வெச்சிருக்கே?"

"ராவுண்ணி வீட்டுப்பேரைத்தான். போன வாரம் அவரே வந்து எழுதிக் கொடுத்தாரு."