ஐந்து சட்டை மாப்பிள்ளை

அரண்மனை மதிலோரம் நிறுத்தியிருந்த வேனுக்குப் பின்னால் நின்றுகொண்டு, மாப்பிள்ளை தன் மூன்றாவது சட்டைக்குப் பொத்தான் போட்டுக்கொண்டிருந்தான். தாலி கட்ட இன்னும் ஒரு மணி நேரம் இருப்பவன் போல அவ்வளவு நிதானம்.

சமையல்காரர் மணி பார்த்தார். ஒன்று நாற்பது. நாலு மணிக்குள் உல்லாசக் கப்பலில் ஏறியாக வேண்டும். எண்ணூறு பயணிகளுக்கு ராத்திரிச் சாப்பாடு. போன தடவை கரை இறங்கிப் பத்து நிமிஷம் பிந்தியதற்கே, இன்னொரு தடவை என்றால் வேலை போய்விடும் என்று சொல்லியிருந்தார்கள்.

‘மாப்பிள்ளை’ என்பது கப்பலில் வைத்த பட்டப்பெயர். பயணிகளின் அறைகளைக் கூட்டித் துடைக்கிற வேலைதான், ஆனால் கரையில் இறங்கினால் சட்டையில் ஒரு கசங்கல் இருக்காது. ஒவ்வொரு ஊரிலும் பேர்போன ஏதாவது ஒன்றின் முன்னால் நின்று ஒரு படம் எடுத்து மனைவிக்கு அனுப்பிவிடுவான். அவளுக்கு எட்டாம் மாதம். கடலில் பேச சிக்னல் கிடைக்காது, வாராவாரம் படம் வந்தால்தான் அங்கே அவளுக்குச் சோறு இறங்கும்.

அதெல்லாம் சரிதான். ஆனால் ஊருக்கு ஒரு படம் என்பதல்லவா வழக்கம்? இன்று மணிக்கூண்டில் வெள்ளை, பாலத்தில் நீலம், இங்கே கட்டம் போட்டது. பையில் இன்னும் இரண்டு சட்டை இருக்கிறது என்று வேறு சொல்லியிருந்தான். அந்தப் பை காலையிலிருந்து சமையல்காரர் தோளில் தொங்கியது.

அவருக்கு வயிறும் எரிந்தது, மனசும் எரிந்தது. இரண்டு மாதம் கழித்து இன்றைக்குத்தான் கரை இறங்க அனுமதி. தலைநகரத்தைப் பார்க்கக்கூட அவருக்குப் பெரிய ஆசை இல்லை. எங்காவது உட்கார்ந்து, அடுத்தவர் சமைத்ததை ஒரு வேளை சூடாகச் சாப்பிட வேண்டும். ஊருக்கே ஆக்கிப் போடுகிற மனுஷனுக்கு அந்த ஒரு ஆசை கூடாதா?

“நில்லுடா சீக்கிரம்.”

அவன் படியில் போய் நின்றான். சமையல்காரர் அவனுடைய போனைத் தூக்கிப் பிடித்தார். வாசல் வளைவில் ஊர்ப் பெயரைப் பொன்னெழுத்தில் பதித்திருந்தார்கள். அதையும் சேர்த்துப் பிடிக்க இரண்டடி பின்னால் போனார்.

“அண்ணே, அந்தப் பேர் வேணாம். பேர் வராம எடுங்க.”

“அதுதானடா அழகே. எந்த ஊருன்னு தெரிய வேணாமா?”

“சட்டை நல்லாத் தெரியுதான்னு மட்டும் பாருங்கண்ணே.”

“ஆமா, பொண்ணு பாக்கப் போறல்ல நீ. புள்ள பொறக்கப் போற நேரத்துல அலங்காரத்தப் பாரு.”

அவன் சிரித்தான். அந்தச் சிரிப்போடேயே படம் விழுந்தது.

நாடாளுமன்றத்தில் பச்சைச் சட்டை. காவலர்கள் விரட்டியதால் எதிர்ச்சாரிக்கு ஓடிப்போய் எடுக்க வேண்டியதாயிற்று. அருங்காட்சியகத்தில் மஞ்சள். அதற்கு அன்றைக்கு விடுமுறை. வாசல் போதும் என்றுவிட்டான். மணி மூன்றைத் தாண்டிவிட்டது.

அருங்காட்சியகத்துக்கு எதிரே ஒரு சாப்பாட்டுக் கடை. வெங்காயம் வதங்கும் வாசனையில் சமையல்காரரின் கால்கள் தாமாக நின்றன.

“பத்தே நிமிஷம்டா. ஒரு வாய் சாப்பிட்டுட்டுப் போயிடலாம்.”

“இன்னும் ஒரே ஒரு இடம்ணே. மூணரைக்குள்ள அங்க இருக்கணும்.” மாப்பிள்ளை அதற்குள் ஒரு டாக்ஸியை நிறுத்தியிருந்தான். “துறைமுகம் போற வழிதான். உங்களை இதே வண்டி நாலுக்குள்ள கொண்டுபோய் விட்டுடும்.”

சமையல்காரருக்குப் பொறுமை போய்விட்டது.

“உன் பொண்டாட்டிக்குப் படம் காட்ட நான் பட்டினி கெடக்கணுமா? கப்பல்ல இத்தனை பேர் இருக்க, உனக்கு நான்தான் ஏமாந்தவனாத் தெரிஞ்சேனா? வேலியில போற ஓணானை எடுத்து வேட்டிக்குள்ள விட்டுக்கிட்டேன்.”

அவன் டாக்ஸிக் கதவைத் திறந்து அவரை ஏற்றினான். வழி முழுக்க ஜன்னல் பக்கம் திரும்பியே உட்கார்ந்திருந்தான். இவனோடு இனி ஜென்மத்துக்கும் கரை இறங்குவதில்லை என்று அவர் மனசுக்குள் சத்தியம் செய்துகொண்டார்.

வண்டி ஒரு உயரமான வெள்ளைக் கட்டடத்தின் முன்னால் நின்றது. சிலை இல்லை, கோபுரம் இல்லை, வேடிக்கை பார்க்க ஒரு கூட்டமும் இல்லை. சமையல்காரர் கடுகடுவென்று இறங்கிப் போனைத் தூக்கினார்.

“இதுல என்னடா இருக்கு? சரி, போய் நில்லு. ஆறாவது சட்டை எங்க?”

கண்ணாடிக் கதவைத் திறந்துகொண்டு ஒரு நர்ஸ் சக்கர நாற்காலியைத் தள்ளி வந்தாள். கையிலிருந்த சீட்டைப் பார்த்தாள்.

“கப்பல் டாக்டர் அனுப்பின ஆபரேஷன் கேஸ் நீங்கதானே? அஞ்சு வாரம் இருக்க வேண்டியிருக்கும். துணியெல்லாம் கொண்டு வந்திருக்கீங்களா?”

மாப்பிள்ளை தலையாட்டிவிட்டு, வயிற்றில் ஒரு கையை வைத்துக்கொண்டு மெல்ல நாற்காலியில் உட்கார்ந்தான்.  சமையல்காரர் தோளிலிருந்த பையை இறக்கி அவன் மடியில் வைத்தார். போனையும் நீட்டினார். அவன் அதை வாங்கவில்லை.

“அது உங்ககிட்டயே இருக்கட்டும்ணே. வாரத்துக்கு ஒண்ணா அனுப்பிடுங்க, அஞ்சும் அஞ்சு ஊருன்னு நெனச்சுக்குவா.”