பூஞ்சை துடைத்த முகங்கள்

படாரென்று கதவைத் தள்ளிக்கொண்டு ஆவணப்பட இயக்குநர் ஜெயசீலன் வந்தார். பழைய படச்சுருள்களைக் காக்கும் மங்கையர்க்கரசி, அவர் கேட்டிருந்த சுருளை ஓடவிட்டாள். ஐம்பது ஆண்டுகளுக்கு முன் புயலில் செத்தவர்களை, பேர்கூடத் தெரியாமல் ஒரே குழியில் புதைத்த காட்சி. சுருளில் மண்டியிருந்த பூஞ்சையை எட்டு மாதம் பஞ்சால் துடைத்திருந்தாள். கெட்டுப்போன சுருளின் புளித்த காடி நாற்றம் அவள் புடவையிலேயே தங்கிவிட்டது. ஒரு முகமாவது தெளிந்தால், டிவியில் பார்த்து யாராவது “எங்க அப்பா” என்று வரமாட்டார்களா? பதினேழு முகங்கள் தெளிந்திருந்தன.

ஜெயசீலன் சமோசாவைக் கடித்தபடி உதட்டைப் பிதுக்கினார்.

“என்ன மேடம், பொணமெல்லாம் நேத்து செத்த மாதிரி பளிச்சுனு இருக்கு?”

அவள் ஓட்டத்தை நிறுத்தினாள். திரையில் நின்ற முகத்தை அவர் சமோசாவாலேயே சுட்டிக்காட்டினார்.

“கொஞ்சம் கீறலும் அழுக்கும் போட்டுக் குடுங்க. முகம் தெரியலன்னாத்தான் பழசுன்னு நம்புவாங்க.”