மருதாத்தாள் வீட்டு விலாசம்

"பேப்பர் ஆபீஸ்ல இருந்து வர்றேன். பதினொரு பிள்ளைகளுக்கும் விலாசம் குடுத்தது இந்த வீடுதானே?"

செல்லத்துரை வாசலில் நின்றபடியே கேட்டார். ஒரு கையில் நோட்டு, மறு கையில் மூடி திறந்த பேனா.

"ஆமாங்க தம்பி. வெயில்ல நிக்கறீங்களே, உள்ள வந்து உக்காருங்க" என்றாள் மருதாத்தாள்.

அடேயப்பா, முகத்தில் ஒரு பயம் வேண்டாமா! செல்லத்துரைக்கு எரிச்சல் பொத்துக்கொண்டு வந்தது.

கோயமுத்தூர்ப் பேப்பர் ஒன்றில் பத்து வருஷமாகக் காலேஜ் சமாசாரம் எழுதுகிறவர் அவர். போன வாரம் ஒரு காலேஜில் அட்மிஷன் ரிஜிஸ்டரைப் புரட்டியபோது இந்த விலாசம் சிக்கியது. கேரளாவில் பாலக்காட்டுப் பக்கத்துப் பிள்ளைகள் பதினொரு பேர், தமிழ்நாட்டுக்காரர்கள் என்று சொல்லி சீட் வாங்க, எல்லைக்கு இந்தப் பக்கம் இருந்த ஒரே வீட்டைக் காட்டியிருந்தார்கள்.

விடுவாரா? 'ஒரே வீட்டில் பதினொரு மாணவர்கள்!' என்று எழுதினார். தன் பேர் போடவில்லை, 'நமது நிருபர்'தான். மறுநாளே காலேஜில் பதினொரு பேரையும் வெளியே அனுப்பிவிட்டார்கள்.

ஆசிரியருக்கு ஏக குஷி. "அந்தப் பொம்பளை தலைக்கு எவ்வளவு வாங்குறான்னு கண்டுபிடிச்சு எழுதுய்யா. மெட்ராஸ் ஆபீஸ்ல நாற்காலி உனக்குத்தான்!"

அதற்குத்தான் எல்லையில் இருக்கும் வேலந்தாவளம் செக்போஸ்டுக்கு முன்னாலேயே பஸ்ஸை விட்டு இறங்கி, வேர்க்க விறுவிறுக்க நடந்து வந்திருக்கிறார். எல்லையைத் தாண்டினால் அவர் பிறந்த ஊர். அப்பா போன பிறகு அந்தப் பக்கம் எட்டிப் பார்த்ததே இல்லை.

உள்ளே ஒரு தகரப் பெட்டி. பக்கத்தில் அழுது வீங்கிய முகத்தோடு ஒரு பெண்.

"இது யாரு?"

"மயிலாத்தாங்க. அந்தப் பதினொண்ணுல ஒண்ணு, எல்லைக் கோட்டுக்கு அக்கட்டாலப் புள்ளை. ஆஸ்டல்ல இருந்து பொட்டியோட அனுப்பிச்சுப்போட்டாங்க. ஊட்டுக்குப் போனா அடுத்த மாசமே கண்ணாலத்தப் பண்ணி வெச்சுருவாங்கன்னு இங்கயே உக்காந்துருக்குது."

செல்லத்துரை அவசரமாக நோட்டைப் பார்த்துக்கொண்டார்.

"சரி, விலாசம் குடுக்க என்ன வாங்குவீங்க?"

"என்னத்த வாங்கறதுங்க? காயிதம் இக்கட்டால வரும், புள்ளைங்க அக்கட்டால இருக்கும். மூணு நாள்ல காலேஜுக்கு வரோணும்னு எழுதியிருப்பாங்க. நாந்தான் நடந்து போயிக் குடுத்துட்டு வருவேன்."

"சும்மாவா?"

"அட, நாலெழுத்துப் படிக்கட்டுமேங்க! நேத்து வரைக்கும் ஒரே ஊரா இருந்துட்டு, கோட்டைப் போட்டு நீ வேற நான் வேறன்னா, புள்ளைங்க என்னங்க பண்ணும்?"

எழுத ஒன்றும் கிடைக்கவில்லை. பேனாவை மூடினார்.

"மொதல்ல ஒரே ஒரு பையனுக்குத்தானுங்க குடுத்தேன். ராஜ்ஜியம் பிரிச்சுக் கோடு போட்ட மறு வருசம். ஆச்சு, இருவது வருசம். காயிதம் வந்தன்னைக்கு அடைமழை. பள்ளத்துல இடுப்பளவு தண்ணி. சீலைக்குள்ள பொத்தி வெச்சும் நனைஞ்சு போச்சுங்க. அவுங்கப்பன் அதை அடுப்புல காட்டிக் காய வெச்சாரு. ஓரமெல்லாம் கருகிப் போச்சு."

செல்லத்துரைக்குத் தூக்கிவாரிப் போட்டது.

மை கலங்கி, ஓரம் கருகிய ஒரு அட்மிஷன் கடிதம் அவர் வீட்டு பீரோவில் இன்னும் இருக்கிறது. விண்ணப்பத்தையெல்லாம் அப்பாதான் பார்த்துக்கொண்டார். காட்டிய இடத்தில் கையெழுத்துப் போட்டதோடு சரி. மழையில் சொட்டச் சொட்ட வந்து நின்றவளைத் தபால் ஆபீஸ் வேலைக்காரி என்றுதான் நினைத்தார். ஒரு வாய் தண்ணி வேண்டுமா என்றுகூடக் கேட்கவில்லை.

இப்போது மயிலாத்தாள் அவருக்குச் சொம்பில் தண்ணி கொண்டு வந்து நீட்டினாள். வாங்கக் கை வரவில்லை.

"ஏனுங்க தம்பி, பேப்பர் ஆபீசுன்னீங்களே, ஒரு ஒத்தாசை பண்ணுவீங்களா?" என்றாள் மருதாத்தாள்.

அவர் நோட்டை முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டார்.

"அந்தப் பையனும் பேப்பர்லதான் இருக்கறானாமா. காலேஜைப் பத்தியே எழுதறான்னு அவுங்கப்பன் இருக்கறப்பச் சொன்னாரு. வடகரப்பதி பெரியமுத்து பையன், பேரு செல்லத்துரை. இந்தப் புள்ளை சங்கதியை அவங்காதுல போட்டுருங்க. எவனோ இப்படி எழுதிப்போட்டான்னு தெரிஞ்சா, சும்மா உடுவானுங்களா அவன்?"