உபரி ஆசிரியர்

“இன்னாத்துக்கும்மா எனக்கு இந்த மேல்முறையீடெல்லாம்? வுடு, நான் படாளத்துக்கே போயிடறேன்” என்றார் ஜோதிலட்சுமி டீச்சர்.

மாமல்லபுரத்துக்குத் தெற்கே ஒரு மீனவர் குப்பத்துப் பள்ளியில் அவருக்கு இருபத்திரண்டு வருட வேலை. பிள்ளைகள் குறைந்ததால் ஒரு ஆசிரியர் உபரி என்று சொல்லி, அவரைப் படாளம் பக்கம் மாற்றியிருந்தார்கள். மூன்று பஸ் மாற வேண்டும். வீட்டில் கணவர் பக்கவாதத்தில் படுத்திருந்தார். தினமும் சாப்பாட்டு இடைவேளையில் ஓடிப்போய் அவருக்குச் சோறு ஊட்டிவிட்டு வருவார் டீச்சர்.

பள்ளி விட்டு வெகுநேரம் ஆகியிருந்தது. சவுக்குத் தோப்புக்கு அப்பால் கடலும் வானமும் ஒரே நிறத்தில் கலந்து கிடந்தன. ஒரு படகு நீரில் வருகிறதா, மேகத்தில் வருகிறதா என்று தெரியவில்லை. டீச்சருக்காக மனு எழுத உட்கார்ந்த காயத்ரி, மடிக்கணினியை மறந்து அந்தப் படகையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“காயத்ரி...”

தூக்கத்திலிருந்து எழுந்தவள்போலத் திரும்பினாள்.

“அரசாணையை முழுசா படிச்சுட்டேன் டீச்சர். உபரின்னா, அந்தப் பள்ளியில யாரு பணியில இளையவங்களோ அவங்கதான் போகணும். நீங்க சேர்ந்த வருஷம் பட்டியல்ல தப்பா ஏறியிருக்கு. பணிப்பதிவேட்டோட நகலை வெச்சுக் கேட்டா, மாத்தித்தான் ஆகணும். இது உங்க உரிமை.”

“என் உரிமைக்காக இன்னொரு பொண்ணைக் கெளப்பி வுடச் சொல்றியா? மூணு வருஷம் முன்னாடி வந்த பொண்ணு. வந்த அன்னிக்குக் கடலைப் பாத்துட்டு வாயடைச்சு நின்னுச்சு. எனக்கு வூடு இங்க கீதுன்னா, அதுக்கு உசுரே இந்தப் பசங்ககிட்ட கீது.”

“அவளுக்கு வயசிருக்கு டீச்சர். எங்க போட்டாலும் பொழைச்சுக்குவா.”

“இன்னாம்மா, கல்லு மாதிரி பேசற?”

காயத்ரி மறுபடியும் கடல் பக்கம் திரும்பினாள். எங்கோ பிள்ளைகள் அலையைத் துரத்திக் கத்துவது காற்றில் வந்து வந்து போயிற்று.

“மத்தியானம் ஆனா உங்க வீட்டுக்காரர் வாசலையே பாத்துக்கிட்டு இருப்பாரே, படாளத்துலேர்ந்து வந்து யாரு சோறு ஊட்டுவாங்க?”

டீச்சர் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். மறுநாள், காயத்ரி அச்செடுத்து வந்த மனுவில் கையெழுத்துப் போட்டார்.

பன்னிரண்டாம் நாள் புது ஆணை வந்தது. ஜோதிலட்சுமி டீச்சரின் மாறுதல் ரத்து.

அடுத்த திங்கட்கிழமை காலை, செங்கல்பட்டு பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து, கடல் கண்ணுக்கு மறையும்வரை திரும்பித் திரும்பிப் பார்த்தபடி படாளத்துக்குப் போய்க்கொண்டிருந்தாள், அந்தப் பள்ளியில் பணியில் இளையவளான காயத்ரி டீச்சர்.