நடுவில் ஒருவர்

"இங்க பேசுறது இந்தச் சுவரைத் தாண்டாதும்மா. மனசுல இருக்கிறதைக் கொட்டிடுங்க" என்றார் சர்க்கரை, கதவை இறுகச் சாத்திவிட்டு.

சமரச மையத்தில் அவருக்கு அப்படித்தான் பெயர். கணவனை ஓர் அறையிலும் மனைவியை அடுத்த அறையிலும் உட்காரவைத்து, நடுவில் தூது நடப்பது அவர் வேலை. எப்பேர்ப்பட்ட வசவும் அவர் வாய் வழியாகப் போனால் இனித்துத்தான் போய்ச் சேரும்.

பல் ஆஸ்பத்திரி நர்ஸான மனைவி விவாகரத்து கேட்டிருந்தாள். தரவே முடியாது என்று வழக்காடிய லிஃப்ட் மெக்கானிக் கணவன், பேசித் தீர்த்துக்கொள்ளலாம் என்று இப்போதுதான் இறங்கி வந்திருந்தான். வாஷிங் மெஷின் யாருக்கு என்பது மட்டும்தான் பாக்கி; அதுவும் முடிந்து கையெழுத்தாகிவிட்டால் கல்யாணம் கலைந்துவிடும்.

சுவரில் குண்டூசியால் குத்தியிருந்த காலண்டரைப் பார்த்துக்கொண்டே அவள் கொட்டினாள்.

"எவனோ லிஃப்ட்ல மாட்டிக்கிட்டா, கை கழுவாமக்கூட ஓடுவாரு சார். நான் இந்த மனுஷன்கிட்ட மாட்டிக்கிட்டுக் கத்துறேன், திறந்துவிட நாதியில்லை. பையில ஸ்குரூவை வச்சுக்கிட்டே சட்டையைத் துவைக்கப் போடுற ஆளுக்கு மெஷின் ஒரு கேடா?"

சர்க்கரை அடுத்த அறைக்குப் போனார். மின்விசிறிக்கு நேர் கீழே உட்கார்ந்து கணவன் இருமிக்கொண்டிருந்தான்.

"தம்பி, உங்க வேலை நேரம் அவங்களுக்கு ஒத்துவரலையாம். மெஷினை அவங்களே நல்லபடியா பாத்துக்குவாங்களாம்."

"நல்லா சொன்னா. லேட்டா வந்தா வாசல்லயே நிக்கவச்சுத் திட்டுவா சார், ராட்சசி. இப்போ கதவைத் திறந்தா வீட்டுல ஒரு சத்தம் இல்லை. திட்டு வாங்காம எனக்குச் சோறே இறங்க மாட்டேங்குது. அப்படிக் கெடுத்து வச்சுட்டுப் போயிட்டா."

ராட்சசி என்ற சொல்லிலேயே சர்க்கரை நின்றுவிட்டார். இதை அப்படியே கொண்டுபோனால் காரியம் கெட்டுவிடும்.

"அவர் இப்போ வீட்டுல ரொம்ப அமைதியா இருக்காராம்மா" என்றார் அவளிடம் வந்து. "சாப்பாடு மட்டும் கொஞ்சம் குறைஞ்சிருக்காம்."

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். தன் இனிப்பு வேலை செய்கிறது என்று சர்க்கரைக்குப் பெருமை பிடிபடவில்லை.

"முதல்ல அந்த ரூம்ல ஃபேனை நிறுத்துங்க சார். நேர்க் காத்து ஆகாது அந்த ஆளுக்கு. லொக்கு லொக்குன்னு, எனக்குத்தான் தலைவலி."

கூடக் குடும்பம் நடத்தியவளுக்குத் தெரியாதா என்று நினைத்தபடி போய் விசிறியை நிறுத்தினார். "உங்க ஆரோக்கியத்துல அவங்களுக்கு அக்கறை இருக்கு தம்பி" என்றார்.

"தெரியும் சார்" என்றான் அவன்.

பழம் கனிந்துவிட்டது என்று சர்க்கரை முடிவுகட்டினார். அவனை அவள் இருந்த அறைக்கே அழைத்து வந்து, உடன்படிக்கையை மேஜையில் விரித்தார். பேனாவை இரண்டு பேருமே எடுக்கவில்லை.

"மெஷின் இருக்கிற இடத்துலயே இருக்கட்டும்" என்றாள் அவள், கணவனைப் பார்த்து. "நான் வர்றேன். இனிமே ஸ்குரூவை எடுத்துட்டுத் துணியைப் போடுங்க."

"லேட்டாத்தான் வருவேன்."

"வாங்க. திட்டுறேன்."

உடன்படிக்கையைச் சர்க்கரையே எடுத்து இரண்டாகக் கிழித்தார்.

"ரெண்டு பேர் மனசும் நோகாம, ஒவ்வொரு வார்த்தையையும் பதமா மாத்தி மாத்திக் கொண்டுபோனேன்" என்றார். "அதுக்குப் பலன் கிடைச்சிருச்சு."

கணவனும் மனைவியும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். கிளம்பும்போது அவள் விரல் முட்டியால் சுவரைத் தட்டினாள். டொக் டொக் என்ற சத்தத்தோடு காலண்டர் ஆடியது.

"எங்களுக்கு நடுவுல இருந்தது வெறும் பிளைவுட்தான் சார்."