முப்பத்தாறு சதுர அடி

"மூணு வருஷமா மாசம் தவறாம கட்டிட்டு வர்றோம் சார். இன்னைக்குத் தேதிக்கு பாக்கி எவ்வளவுன்னு மட்டும் சொல்லுங்க, போதும்" என்றாள் அவள்.

வீட்டுக்கடன் அதிகாரி மூக்குக் கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு கணினியைத் தட்டினார். எதிரே கணவனும் மனைவியும். நடு நாற்காலியில் ஒரு ஹெல்மெட்டும் கனத்த ஃபைலும் சௌகரியமாக உட்கார்ந்திருந்தன. அவன் லிஃப்ட் மெக்கானிக். அவளுக்கு மருந்துக்கடையில் வேலை. இரண்டு சம்பளத்தையும் காட்டி, இருவரும் சேர்ந்து கையெழுத்துப் போட்டு வாங்கிய கடன்.

"முப்பத்தெட்டு லட்சத்து நாப்பதாயிரம்."

"வாங்கினதே நாப்பது லட்சம்தானே சார்!" அவன் நாற்காலியிலிருந்து பாதி எழுந்துவிட்டான். "பதினொன்றரை லட்சத்துக்கு மேல கட்டியிருக்கோம். அதெல்லாம் எங்க போச்சு?"

"வட்டிக்குப் போச்சு."

ஒரு நாளைக்கு நாலு பேருக்காவது இதைச் சொல்லிச் சொல்லி அதிகாரியின் நாக்கு தேய்ந்திருந்தது. ஆனாலும் மனிதர் ரசித்துத்தான் சொல்வார்.

"ஆரம்பத்துல நீங்க கட்டுற முப்பத்திரண்டாயிரத்துல இருபத்தெட்டாயிரம் வட்டிக்கே சரியாப் போயிடும். மிச்சம் மீதிதான் அசல்ல கழியும். இருபத்தஞ்சு வருஷம் முழுசா கட்டி முடிச்சீங்கன்னா மொத்தம் தொண்ணூத்தாறு லட்சம் ஆகும்."

"ஒரு வீட்டுக்குக் கிட்டத்தட்ட ரெண்டரை வீட்டு விலையா?" அவள் கணவன் பக்கம் திரும்பினாள். "கையெழுத்துப் போடும்போது இதைப் படிச்சீங்களா?"

"நீ படிச்சியா? மாசம் எவ்வளவுன்னு கேட்டோம். சமையலறைக்கு என்ன கலர்னு ரெண்டு நாள் சண்டை போட்டோம். மொத்தம் எவ்வளவுன்னு யாரு கேட்டா?"

அதிகாரிக்கு உள்ளூரக் குஷி. மேஜைக்கு முன்னால் சண்டை போடுகிற ஜோடிதான் தவணை தவறாமல் கட்டும் என்பது அவருடைய இருபது வருட அனுபவம். வாயே திறக்காமல் வந்து போகிறவர்களைக் கண்டால்தான் அவருக்குப் பயம்.

"வீடு எத்தனை சதுர அடி?"

"தொள்ளாயிரம்."

"கழிஞ்ச அசலை வச்சுப் பார்த்தா, அதுல உங்களுக்குச் சொந்தம் முப்பத்தாறு சதுர அடி. பாக்கியெல்லாம் எங்களோடது" என்று சிரித்தார்.

"குளியலறை அளவுதான் வரும்" என்றாள் அவள். "சரி, அது எனக்கு."

"உனக்கா? டைல்ஸ் ஒட்டினது யாரு?"

"கோணலா ஒட்டினதும் நீங்கதான்."

அதிகாரி சிரிப்பை அடக்கத் தண்ணீர் குடித்தார். அவன் மட்டும் சிரிக்கவில்லை.

"சார், ஒருத்தர் பேரை எடுத்துட்டு இன்னொருத்தர் மட்டும் கட்டினா?"

வேலையை விடப் போகிறாள் போலிருக்கிறது என்று அதிகாரி ஊகித்துக்கொண்டார். "ஒரு சம்பளத்துக்கு இவ்வளவு கடன் தர மாட்டோம். அப்படியே தந்தாலும் புதுக் கடன்தான். மறுபடியும் முதல்லேர்ந்து வட்டி. இதுவரைக்கும் கட்டின வட்டி போனது போனதுதான்."

"வித்துட்டா?" என்றாள் அவள்.

"உங்க பக்கம் விலை இறங்கிக் கிடக்கு. தரகு, பத்திரச் செலவெல்லாம் போக, நீங்கதான் கைக்காசைப் போட்டுக் கடனை அடைக்கணும்."

இருவர் முகமும் தொங்கிப் போனது. அதிகாரிக்கு மனசு கேட்கவில்லை. வங்கிக்கு வட்டி நஷ்டம்தான், இருக்கட்டும் என்று நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டார்.

"வழி இல்லாம இல்லை. வருஷத்துக்கு ஒரு தவணை கூடுதலாக் கட்டுங்க. வருஷா வருஷம் தவணையையும் நூத்துக்கு அஞ்சு ஏத்திக்குங்க. இன்னும் இருபத்திரண்டு வருஷம் இழுக்கிற கடன், பதினோரு வருஷத்துல முடிஞ்சுடும்."

"பாதிக்குப் பாதியா!" அவள் நிமிர்ந்து உட்கார்ந்து, அவருடைய பேனாவையே எடுத்துக் கணக்குப் போட ஆரம்பித்தாள். "வெளிச்சாப்பாட்டை நிறுத்தணும். ரெண்டு வண்டிக்கு பெட்ரோல் எதுக்கு? என்னை மருந்துக்கடையில இறக்கி விட்டுட்டு நீங்க வேலைக்குப் போங்க."

"சரி."

"சிகரெட்?"

"விட்டுடறேன்."

"அடுத்த மாசத்துலேர்ந்தா?"

"இப்பவே." அவன் சட்டைப் பையிலிருந்த பாக்கெட்டை எடுத்துக் குப்பைக்கூடையில் போட்டான்.

அதிகாரி தன் வீட்டு ஞாபகம் வந்து பெருமூச்சு விட்டார். ஒரு திரைச்சீலை மாற்ற அங்கே ஆறு மாதம் பேச்சுவார்த்தை நடந்தது. "உங்களை மாதிரி ஒத்துமையான ஜோடியை நான் பார்த்ததே இல்லைம்மா" என்று மனதாரச் சொல்லி, தவணையைக் கூட்டும் படிவத்தை நீட்டினார்.

அவள் பட்டென்று கையெழுத்துப் போட்டாள். பேனாவைக் கணவனிடம் தள்ளிவிட்டு, கைபேசியோடு வெளியே போனாள். கண்ணாடிக் கதவு முழுசாக மூடவில்லை. அவள் குரல் தெளிவாகக் கேட்டது.

"வக்கீல் சார், விவாகரத்துப் பத்திரத்துல கையெழுத்துப் போட நாளைக்கு நாங்க வரலை. இப்பப் பிரிஞ்சா ரெண்டு பேருமே நடுத்தெருவுலதான் நிக்கணும். கடனை முடிச்சுட்டு, பதினோரு வருஷம் கழிச்சு வர்றோம்."

கையெழுத்துப் போடாத படிவத்தை அதிகாரி பக்கம் நகர்த்திவிட்டு, கதவை ஒரு தடவை பார்த்துக்கொண்டு, அவன் ரகசியமாகக் கேட்டான்:

"குறைக்க வேண்டாம் சார். வட்டி எவ்வளவு ஆனாலும் பரவாயில்லை, இதை முப்பது வருஷமா நீட்ட ஏதாவது வழி இருக்கா?"